அமைதி குலைக்கும் புனைகதையைப் பரிசோதனைக் குறும்படமாக்குதல்: ‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’

படித்து முடித்த பின்னும் மனத்தை நிம்மதியாக இருக்க விடாத புனைகதைகள் உண்டு. அவற்றைக் குறைந்த நீளமுள்ள பரிசோதனைத் திரைப்படங்களாகத் தழுவும் முயற்சி மௌனப்பட காலத்திலேயே தொடங்கிவிட்டது. இவ்வகைத் தழுவலின் சிக்கல்களையும் வழிமுறைகளையும் அறிந்துகொள்ள, அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போ எழுதிய ‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’ என்ற சிறுகதை நல்ல எடுத்துக்காட்டாகும். இக்கதை 1928ஆம் ஆண்டில் மட்டும் அமெரிக்காவில் ஒரு முறையும் பிரான்சில் ஒரு முறையும் படமாக்கப்பட்டது. பின்னர் 1980இல் செக்கோஸ்லோவாக்கியாவில் மீண்டும் படமானது. மூன்று படங்களும் ஒரே கதையிலிருந்து பிறந்தவை. ஆனால் மூன்றும் மூன்று வேறு வழிகளைத் தேர்ந்தெடுத்தன.

மூலக்கதை

‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’ 1839ஆம் ஆண்டு செப்டம்பரில் ‘பர்ட்டன்ஸ் ஜென்டில்மென்ஸ் மேகசின்’ என்ற இதழில் வெளிவந்தது. பெயர் சொல்லப்படாத ஒருவர் தம் இளமைக்கால நண்பன் ரோடரிக் அஷரின் கடிதம் கிடைத்து, இலையுதிர்கால நாளொன்றில் குதிரையேறி அவனுடைய பழைய மாளிகைக்கு வருகிறார். மாளிகையின் முகப்பில் கூரையிலிருந்து கீழ்வரை மெல்லிய விரிசல் ஒன்று ஓடுகிறது. எதிரே அசைவற்ற கருநிற நீர்நிலை கிடக்கிறது.

ரோடரிக்கின் நோய் விநோதமானது. அவனுடைய புலன்கள் அளவுக்கு மீறிக் கூர்மையாகிவிட்டன. உப்புச்சப்பற்ற உணவை மட்டுமே அவனால் உண்ண முடியும். மங்கிய வெளிச்சமே கண்ணை வருத்தும். சில நரம்பிசைக் கருவிகளின் ஓசை தவிர மற்ற ஒலிகளெல்லாம் அவனை நடுங்க வைக்கும். மாளிகையின் கற்களுக்கே உணர்வு இருக்கிறது என்றும் அவன் நம்புகிறான். அவனுடைய இரட்டைச் சகோதரி மேடலினுக்கோ உடல் விறைத்துப் பிணம் போலக் கிடக்கச் செய்யும் நோய். அவள் இறந்துவிட்டதாகச் சொல்லி, ரோடரிக்கும் நண்பரும் சேர்ந்து அவளுடைய உடலை மாளிகையின் அடியிலுள்ள நிலவறையில் வைத்துப் பூட்டுகிறார்கள். அப்போது அவள் முகத்தில் மெல்லிய சிவப்பு இன்னும் இருப்பதை நண்பர் காண்கிறார். ஆனாலும் பெட்டி மூடப்படுகிறது.

ஏழெட்டு நாட்கள் கழித்து, புயல் வீசும் இரவொன்றில் நண்பர் ரோடரிக்குக்கு ஒரு பழைய வீரகதையைப் படித்துக் காட்டுகிறார். கதையில் கதவு உடையும் இடத்தில் மாளிகைக்குள் எங்கோ ஏதோ உடையும் ஓசை கேட்கிறது. அதில் நாகம் அலறினால் இங்கும் ஓர் அலறல். அதில் கேடயம் விழுந்தால் இங்கும் உலோக ஓசை. சகோதரி உயிரோடிருப்பதைப் பல நாட்களாகவே காதால் கேட்டுக்கொண்டிருந்ததாகவும், சொல்லத் துணியவில்லை என்றும் ரோடரிக் அப்போதுதான் ஒப்புக்கொள்கிறான். இரத்தக் கறை படிந்த உடையோடு வாசலில் நிற்கும் மேடலின் அவன்மேல் சாய்கிறாள். இருவரும் இறக்கிறார்கள். நண்பர் தப்பி ஓட, மாளிகை விரிசல் வழியே பிளந்து நீருக்குள் மூழ்குகிறது.

தழுவலின் அடிப்படைச் சிக்கல்

இக்கதையில் நடந்தவை அனைத்தும் ஒருவர் சொல்லித்தான் படிப்பவருக்குத் தெரிகின்றன. அவரும் அந்த மாளிகையின் சூழலில் மெல்ல மெல்ல ரோடரிக்கின் அச்சத்துக்கு ஆட்பட்டவர். ஆகவே மேடலின் உண்மையிலேயே நிலவறையிலிருந்து மீண்டு வந்தாளா, அல்லது அது அச்சத்தால் தடுமாறிய இருவரின் மயக்கமா என்ற ஐயம் கடைசிவரை தீர்வதில்லை. அந்த ஐயமே கதையின் உயிர்.

எழுத்தில் “அவள் வந்து நின்றாள்” என்று ஒருவர் சொன்னால் அதை நம்பலாம், நம்பாமலும் இருக்கலாம். திரையில் ஒரு பெண் வந்து நின்றால் பார்வையாளர் அவளைக் கண்ணால் கண்டுவிடுகிறார். ஐயத்துக்கு இடம் குறைகிறது. அமைதி குலைக்கும் புனைகதைகளைப் படமாக்கும் எவரும் முதலில் சந்திக்கும் தடை இதுதான். எழுத்தாளர்களும் இதை உணர்ந்திருந்தனர். ஃபிரான்ஸ் காஃப்காவின் ‘உருமாற்றம்’ 1915இல் நூலாக வெளிவரவிருந்தபோது, அட்டையில் அந்தப் பூச்சியை வரைய வேண்டாம், தொலைவிலிருந்துகூடக் காட்ட வேண்டாம் என்று அவர் பதிப்பகத்துக்குக் கடிதம் எழுதிக் கேட்டுக்கொண்டார். வடிவம் கிடைத்த உடனே அச்சம் சிறுத்துவிடும் என்பதை இந்த வேண்டுகோள் உணர்த்துகிறது.

இரண்டாவது சிக்கல் ஒலி. போவின் கதையில் அச்சம் பெரும்பாலும் காது வழியாகவே வருகிறது. ரோடரிக்கின் குற்றமும் காதோடு தொடர்புடையது: அவன் கேட்டான், கேட்டும் பேசாமல் இருந்தான். 1928இல் இதைப் படமாக்கிய இரு குழுவினரிடமும் இருந்ததோ ஒலியில்லாத சினிமா.

நீளமும் ஒருமையும்

குறும்பட வடிவம் இத்தகைய கதைகளுக்கு ஏன் பொருந்துகிறது என்பதற்கான விடை போவிடமே கிடைக்கிறது. நத்தேனியல் ஹாதார்னின் கதைகளைப் பற்றி 1842இல் எழுதிய மதிப்புரையில், சிறுகதை ஒரே அமர்வில் படித்து முடிக்கக்கூடியதாக இருக்க வேண்டும் என்றும், அதன் ஒவ்வொரு சொல்லும் முன்பே திட்டமிட்ட ஒரே விளைவை நோக்கிச் செல்ல வேண்டும் என்றும் அவர் வாதிட்டார். இடையில் எழுந்து போனால் அந்த விளைவு சிதைந்துவிடும் என்பது அவர் கருத்து.

முழுநீளப் படத்துக்குக் கிளைக்கதைகளும் பாத்திரங்களின் முன்வரலாறும் தேவைப்படுகின்றன. அவற்றைச் சேர்க்கும்போது விளக்கங்களும் சேர்ந்துவிடுகின்றன. எதற்கும் காரணம் சொல்லாத கதையை ஒன்றரை மணிநேரத்துக்கு நீட்டினால், காரணம் சொல்ல வேண்டிய கட்டாயம் வந்துவிடும். பத்து அல்லது இருபது நிமிடப் படத்துக்கு அந்தக் கட்டாயம் இல்லை.

வாட்சன், வெபர் குறும்படம் (1928)

அமெரிக்கப் படத்தை எடுத்த இருவரும் தொழில்முறைத் திரைப்படக்காரர்கள் அல்லர். ஜேம்ஸ் சிப்லி வாட்சன் மருத்துவம் பயின்றவர். ‘தி டயல்’ என்ற இலக்கிய இதழின் பதிப்பாளர். டி. எஸ். எலியட்டின் ‘பாழ்நிலம்’ நெடுங்கவிதை 1922இல் அமெரிக்காவில் வெளியானது இவ்விதழில்தான். மெல்வில் வெபர் கலை வரலாற்று அறிஞர். நியூயார்க் மாநிலத்தின் ரோச்செஸ்டர் நகரில், படப்பிடிப்புத் தளத்தின் வசதிகள் எவையும் இன்றி, அட்டையாலும் விளக்கொளியாலும் கண்ணாடிகளாலும் ஒரு மாளிகையை அவர்கள் உருவாக்கினர். வாட்சனின் மனைவி ஹில்டகார்ட் மேடலினாகவும், ஹெர்பர்ட் ஸ்டெர்ன் ரோடரிக்காகவும், வெபர் பயணியாகவும் நடித்தனர். படத்தின் நீளம் ஏறத்தாழ 13 நிமிடங்கள்.

இப்படத்தில் கதையை விளக்கும் எழுத்து அட்டைகள் இல்லை. பார்வையாளருக்குக் கதை ஏற்கெனவே தெரியும் என்று வைத்துக்கொண்டு, கதை தந்த உணர்வை மட்டும் படம் பின்தொடர்கிறது. அதற்கு அவர்கள் கையாண்ட முறைகள் வருமாறு:

1. பட்டகக் கண்ணாடிகள்: லென்சின் முன் பட்டகங்களை வைத்து எடுத்ததால் ஒரே உருவம் பலவாகப் பிரிந்து தெரிகிறது. சுவர்கள் சாய்கின்றன, மாடிப்படிகள் முடிவில்லாமல் பெருகுகின்றன.

2. பலமுறைப் பதிவு: ஒரே ஃபிலிம் சுருளில் ஒரு காட்சியின்மேல் இன்னொரு காட்சி பதிவு செய்யப்பட்டது. இதனால் மேடலினின் உருவம் உடலாகவும் நிழலாகவும் ஒரே நேரத்தில் தோன்றுகிறது. எது நடந்தது, எது நினைவு என்று பிரித்தறிய முடிவதில்லை.

3. மீண்டும் மீண்டும் வரும் பொருள்கள்: சவப்பெட்டி, சுத்தியல், படிக்கட்டு ஆகியவை திரும்பத் திரும்ப வருகின்றன. ஆணி அடிக்கும் செயலை ஒருமுறை காட்டிவிட்டு நகராமல், சுத்தியல்களே திரையை நிறைக்கும்படி செய்திருக்கிறார்கள்.

4. மிதக்கும் எழுத்துகள்: கதை படிக்கப்படும் உச்சக்கட்டத்தில் அடித்தல், பிளத்தல், அலறல் ஆகியவற்றைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்கள் எழுத்தெழுத்தாகத் திரையில் மிதந்து வருகின்றன.

நான்காவது முறை சிறப்பாகக் கவனிக்கத்தக்கது. வழக்கமான மௌனப்படத்தில் எழுத்து என்பது படத்தை நிறுத்தி வைத்துத் தகவல் சொல்லும் அட்டை. இங்கே எழுத்து, காட்சிக்குள்ளேயே நுழைந்து ஒலியின் இடத்தைப் பிடிக்கிறது. காதால் கேட்க முடியாத அலறலைப் பார்வையாளர் கண்ணால் படிக்கிறார். ஒலியில்லாமை இங்கே குறையாக நிற்கவில்லை; ரோடரிக்கின் தலைக்குள் மட்டுமே கேட்கும் ஓசை எப்படி இருக்கும் என்று காட்டும் வழியாக மாறிவிடுகிறது. எழுத்துகளைத் தாளில் சிதறவிட்டு எழுதியதற்குப் பெயர்பெற்ற கவிஞர் இ. இ. கம்மிங்ஸ் ‘தி டயல்’ இதழில் எழுதியவர், வாட்சனின் நண்பர் என்பதும் இங்கே நினைவுகூரத்தக்கது.

1959இல் அலெக் வைல்டர் அமைத்த இசை இப்படத்துடன் சேர்க்கப்பட்டது. 2000ஆம் ஆண்டில் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இப்படம் இடம்பெற்றது. வாட்சனும் வெபரும் பின்னர் ‘லாட் இன் சோடம்’ (1933) என்ற படத்தையும் எடுத்தனர். வாட்சன் பிற்காலத்தில் எக்ஸ் கதிர்களைக் கொண்டு உடலின் உள்ளசைவுகளைத் திரைப்படமாகப் பதிவுசெய்யும் ஆய்வில் ஈடுபட்டார்.

எப்ஸ்டீனின் படம் (1928)

அதே ஆண்டில் பிரான்சில் ழான் எப்ஸ்டீன் இக்கதையை ஒரு மணிநேரத்துக்குச் சற்றே கூடுதலான படமாக எடுத்தார். ஸ்பானிய இயக்குநர் லூயிஸ் புனுவெல் இதில் உதவி இயக்குநராகப் பணியாற்றி, கருத்து வேறுபாட்டால் இடையில் விலகினார். இது குறும்படம் அன்று. எனினும் ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு இன்றியமையாதது.

எப்ஸ்டீன் கதையைத் துணிந்து மாற்றினார். மேடலின் இங்கே சகோதரி இல்லை, மனைவி. போவின் இன்னொரு கதையான ‘நீள்வட்ட உருவப்படம்’ இதனுடன் இணைக்கப்பட்டது. கணவன் ஓவியம் தீட்டத் தீட்ட, மனைவியின் உயிர் ஓவியத்துக்குள் வற்றிப் போகிறது. முடிவில் மாளிகை எரிந்து வீழ, இருவரும் உயிரோடு தப்புகிறார்கள்.

ஒலியில்லாச் சிக்கலுக்கு எப்ஸ்டீன் கண்ட தீர்வு காலத்தை நீட்டுவது. மெதுவாக அசையும் திரைச்சீலைகள், கடிகார ஊசல், அலமாரியிலிருந்து மெல்லச் சரியும் நூல்கள் ஆகியவை காத்திருத்தலின் வேதனையைக் காட்சியாக்குகின்றன. சவப்பெட்டிக்கு வெளியே நீண்டு தொங்கும் மேடலினின் வெண்ணிற முக்காட்டுத் துணி, அவள் முழுமையாக அடைக்கப்படவில்லை என்பதைச் சொல் இல்லாமலே சொல்லிவிடுகிறது. வருகை தரும் நண்பர் பார்வை மங்கி, காது மந்தமான முதியவராக மாற்றப்பட்டிருக்கிறார். எல்லாவற்றையும் கேட்பவன் ஒருவன், எதையும் சரியாகக் கேளாதவர் ஒருவர் என்ற இந்த அமைப்பு ரோடரிக்கின் தனிமையைக் கூட்டுகிறது. ஆயினும் காதலர் இருவரும் தப்பும் முடிவு கதையின் இருளைத் தணித்துவிடுகிறது. சகோதரியைப் புதைத்த குற்றவுணர்வு, இங்கே இழந்த மனைவியை மீட்கும் ஏக்கமாக மாறிவிடுகிறது.

ஷ்வாங்க்மயெரின் குறும்படம் (1980)

செக் நாட்டு மிகையதார்த்தக் கலைஞர் யான் ஷ்வாங்க்மயெர் 1970களில் அதிகாரிகளின் கெடுபிடியால் பல ஆண்டுகள் படம் எடுக்க முடியாமல் இருந்தார். அந்த இடைவெளியில் தொடுவுணர்வைப் பற்றிய சோதனைகளில் ஈடுபட்டார். மீண்டும் படமெடுக்கத் தொடங்கிய காலத்தில் உருவானதுதான் ஏறத்தாழ 15 நிமிடங்கள் ஓடும் இந்தக் கறுப்பு வெள்ளைப் படம்.

இதில் ஒரு மனிதர்கூடத் திரையில் தோன்றுவதில்லை. நடிகர் பேட்ர் சேபெக்கின் குரல் போவின் கதையைச் செக் மொழியில் சொல்லிக்கொண்டு போகிறது. திரையில் கற்சுவர், மரவேர்கள், நாற்காலிகள், சேறு ஆகியவை மட்டுமே. ஈரக் களிமண் தானாகக் குழைந்து, கைத்தடம் பதிந்து, மீண்டும் கலைகிறது. சவப்பெட்டி யாரும் தூக்காமலே நகர்ந்து செல்கிறது. இறுதியில் மாளிகையின் தட்டுமுட்டுப் பொருள்கள் தாமாக வெளியேறிச் சதுப்பில் விழுந்து மறைகின்றன. பொருளைச் சிறிது நகர்த்தி ஒரு சட்டகம், மறுபடி நகர்த்தி ஒரு சட்டகம் எனப் படம்பிடிக்கும் அசைவூட்ட முறை இதற்குப் பயன்பட்டது.

மனிதர்களை நீக்கியது கதையிலிருந்து விலகிச் செல்வது போலத் தோன்றலாம். உண்மையில் கதைக்குள்ளேயே இருக்கும் ஒரு வரியை அது சொல்லுக்குச் சொல் ஏற்றுக்கொள்கிறது. கற்களுக்கு உணர்வு உண்டு என்று ரோடரிக் நம்புகிறான். மற்றவர்கள் அதை நோயாளியின் பிதற்றல் என்று கடந்து செல்கிறார்கள். ஷ்வாங்க்மயெரின் படமோ ரோடரிக்கின் பக்கம் நின்று, கற்களையும் மண்ணையும் உணர்ந்து அசைய வைக்கிறது. மேடலின் கண்ணில் படாததால் அவள் உயிரோடு வந்தாளா என்ற ஐயமும் காப்பாற்றப்படுகிறது.

மூன்று வழிகளின் ஒப்பீடு

வாட்சனும் வெபரும் கதையோட்டத்தை விட்டுக்கொடுத்து உணர்வைக் காத்தனர். எப்ஸ்டீன் உறவையும் முடிவையும் மாற்றிச் சூழலைக் காத்தார். ஷ்வாங்க்மயெர் மனிதர்களை விலக்கிச் சொற்களைக் காத்தார். எல்லாவற்றையும் காப்பாற்றிய தழுவல் எதுவும் இல்லை. எதை இழந்தால் கதை செத்துவிடும் என்பதை ஒவ்வொருவரும் தமக்குள் முடிவு செய்துகொண்டனர் என்பதே இப்படங்களைப் பயில்வோர் அறிய வேண்டியது.

ஒவ்வொரு முடிவுக்கும் விலையும் உண்டு. மூலக்கதையைப் படிக்காதவர் வாட்சன், வெபர் படத்தைப் பார்த்தால், யார் இறந்தார், யார் புதைத்தார் என்பதே புரியாமல் போகலாம். ஷ்வாங்க்மயெரின் படத்தில் செக் மொழி அறியாதவர் கீழே ஓடும் மொழிபெயர்ப்பைப் படிப்பதா, மண்ணின் அசைவைப் பார்ப்பதா என்று தடுமாற நேரிடும்.

பிற எடுத்துக்காட்டுகள்

போவின் ‘காட்டிக்கொடுத்த இதயம்’ கதையை 1953இல் டெட் பார்மெலி, யுபிஏ நிறுவனத்துக்காக அசைவூட்டக் குறும்படமாக்கினார். ஜேம்ஸ் மேசன் குரல் கொடுத்த இப்படம் பெரும்பாலும் கொலைகாரனின் கண்வழியாகவே உலகைக் காட்டுகிறது. பிரிட்டனில் இதற்கு வயதுவந்தோருக்கு மட்டுமான சான்றிதழ் வழங்கப்பட்டது.

அம்ப்ரோஸ் பியர்ஸின் ‘ஆந்தை ஓடைப் பாலத்தில் ஒரு நிகழ்ச்சி’ என்ற 1890ஆம் ஆண்டுக் கதையை ராபர்ட் என்ரிகோ பிரான்சில் படமாக்கினார். தூக்கிலிடப்படும் ஒருவனின் கடைசிக் கணத்துக்குள் ஒரு தப்பியோட்டமே நிகழ்ந்து முடிகிறது. மிகக் குறைந்த உரையாடல் கொண்ட இப்படம் 1962இல் கான் விழாவில் குறும்படத்துக்கான தங்கப்பனை விருதையும், பின்னர் ஆஸ்கர் விருதையும் பெற்றது.

காஃப்காவின் ‘உருமாற்றம்’ கதையைக் கரோலின் லீஃப் 1977இல் கனடாவில் பத்து நிமிடப் படமாக்கினார். கீழிருந்து ஒளியூட்டிய கண்ணாடியின்மேல் மணலைப் பரப்பி, விரலால் கலைத்துக் கலைத்துக் காட்சிகளை உருவாக்கினார். பூச்சி தெரிகிறது, ஆனால் எந்த நொடியிலும் கலைந்துவிடக்கூடிய மணலாகவே தெரிகிறது. வரைய வேண்டாம் என்ற காஃப்காவின் அச்சத்துக்கு இது ஒருவகைப் பதிலாகும்.

உரிமை

ஒரு கதையைப் படமாக்கும் உரிமை காப்புரிமையின் ஒரு பகுதியாகும். குறும்படம், மாணவர் படம் என்பதாலேயே அந்த உரிமையைக் கேட்காமல் எடுத்துக்கொள்ள முடியாது. இந்தியச் சட்டப்படி எழுத்தாளர் வாழ்நாளில் வெளிவந்த இலக்கியப் படைப்புக்கு, அவர் மறைந்த பின் 60 ஆண்டுகள் வரை காப்புரிமை நீடிக்கும். போ 1849இல் மறைந்தவர் என்பதால் அவருடைய கதைகள் பொதுவுடைமை. ஆனால் அக்கதைகளின் அண்மைக்கால மொழிபெயர்ப்பு ஒன்றைப் படத்தில் பயன்படுத்தினால், மொழிபெயர்ப்பாளரின் உரிமை தனியே உண்டு.

மதிப்பீடு

இத்தகைய தழுவல்களில் படமாக்குபவர் எதிர்கொள்ளும் முதன்மையான கேள்வி, கதை எந்த இடத்தில் அமைதியைக் குலைக்கிறது என்பதே. ‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’யில் பலரும் நினைவில் வைத்திருப்பது இரத்தக் கறையோடு நிற்கும் பெண்ணையும் இடிந்து விழும் கட்டடத்தையும். ஆனால் அவற்றுக்கு முன்பே, ஒருவன் நிலவறையின் ஓசையைக் கேட்டுக்கொண்டு பல நாட்கள் வாய் திறக்காமல் இருந்திருக்கிறான். நண்பரும் அந்த முகத்தின் சிவப்பைக் கண்ட பிறகு மூடியைப் பொருத்த உதவியிருக்கிறார். பேயைக் காட்டுவது எளிது. தெரிந்தும் பேசாமல் இருந்த அந்த நாட்களைப் பார்வையாளரின் காதில் ஒலிக்கச் செய்வதே கடினம். ஒலியே இல்லாத 13 நிமிடப் படம் ஒன்று, திரையில் மிதக்கும் சில எழுத்துகளைக் கொண்டு அதைச் செய்ய முயன்றது. இன்றும் அப்படம் பார்க்கப்படுவதற்கும் பயிலப்படுவதற்கும் இதுவே முக்கியக் காரணம் எனலாம்.